மூன்று நிலவுள்ள உலகத்துக்குப் பஞ்சாங்கம்: கணக்கு எங்க பிழைக்குது?

சல்லிக்கரை:
கதை ஒன்றுக்கு உலகம் கட்டுறன். தலைநகர் ஒரு துறைமுகம். எங்கட திருகோணமலை உள்துறைமுகம் மாதிரி மலை சூழ்ந்த ஆழக்கடல், வாசலில கோட்டை, பாறைக்கு மேல கோயில். கிரகம் பூமியளவு, நாளுக்கு 24 மணித்தியாலம். ஆண்டுக்கு 360 நாள், 12 மாதம், மாதத்துக்கு 30 நாள்.

நிலவு மூன்று. ஆழி 30 நாளுக்கு ஒருக்காப் பூரணை, சிட்டு 45, பொறி 90. மூன்றும் ஒரே இரவில பூரணையாகிறது வருசப்பிறப்பு அண்டைக்கு மட்டும். அண்டைக்குக் கடல் ஏறிக் கீழ்த்தெரு மூழ்கும். இந்தக் கணக்கு நிக்குமா?

ஏழுகிணறு:
நிக்காது தம்பி. முதல் பிழை சின்ன வகுப்புக் கணக்கு. 30, 45, 90 மூன்றுக்கும் பொது மடங்கு 90. அப்ப மூன்று பூரணையும் 90 நாளுக்கு ஒருக்கா, ஆண்டுக்கு நாலு தரம் வரும். வருசப்பிறப்புக்கு மட்டும் எண்டு சொல்லேலாது. மூன்று எண்ணும் 360ஐ மீதியில்லாமல் வகுக்கிறதால ஒவ்வொரு பூரணையும் என்றைக்கும் ஒரே திகதியிலதான் விழும். அப்பிடிப்பட்ட உலகத்தில சோதிடரும் வேண்டாம், பஞ்சாங்கமும் வேண்டாம்.

இரண்டாவது, பொறி அந்தத் தூரத்தில தங்காது. பூரணைக்குப் பூரணை 90 நாள் எண்டால் நட்சத்திரக் கணக்கில சுற்று 72 நாள் (1÷72 = 1÷90 + 1÷360). ஆண்டில சரியா ஐந்தில் ஒன்று. கிரகம் சுற்றுகிற திசையிலேயே சுற்றுகிற நிலவுக்கு அதுதான் விளிம்பு. அதுக்கு மேல போனால் சூரியன் இழுத்துக்கொண்டு போயிரும். கிரகத்தின்ட திணிவு என்னவாக இருந்தாலும் இந்த விகிதம் மாறாது. பக்கத்தில வேற பெரிய நிலவும் இருக்கிறபடியால் ஒன்பதில் ஒன்றுக்குள்ள வைச்சுக்கொள்ளுங்கோ. 360 நாள் ஆண்டுக்கு 40 நாள்.

மூன்றாவது, ஆழியும் சிட்டும் நெருக்கம். எங்கட நிலவின்ட திணிவில இரண்டு நிலவு வேணுமெண்டால் வெளிச்சுற்றின்ட காலம் உள்சுற்றைப் போல குறைஞ்சது மூன்று மடங்கு இருக்கவேணும். ஒன்று மற்றதில பத்தில் ஒரு பங்கு எண்டால் இரண்டரை மடங்கு காணும். உங்கட 30க்கும் 45க்கும் நட்சத்திரக் கணக்கில ஒன்றரைகூட இல்லை.

நான் போடுற எண்கள் இவை:

ஆண்டு 360.2 நாள்.
ஆழி, பூரணைக்குப் பூரணை 29.4 நாள். திணிவு எங்கட நிலவளவு.
சிட்டு 8.7 நாள், திணிவு ஆழியில பத்தில் ஒன்று. தூரம் சுமார் 176,000 கிலோமீற்றர்.
பொறி ஒரு சின்னக் கல், சுற்று 7½ மணித்தியாலம், மையத்தில இருந்து 19,500 கிலோமீற்றர் அளவில.

பொறி கிரகத்தின்ட சுழற்சியை விட வேகமாச் சுத்துறபடியால் மேற்கில உதிச்சுக் கிழக்கில மறையும். செவ்வாயில போபொஸ் அப்பிடித்தான். 10 மணித்தியாலம் 55 நிமிசத்துக்கு ஒருக்கா உதிக்கும். அதைத் திகதிக்குப் பாவிக்காதேங்கோ, மணிக்கூடாப் பாவியுங்கோ. ஒண்டு மட்டும்: சூரியன் நடுக்கோட்டுக்குக் கிட்ட நிக்கிற காலத்தில பொறி ஒவ்வொரு சுத்திலயும் முக்கால் மணித்தியாலம் அளவில நிழலுக்குள்ள போகும். நடுவானத்தில அணைஞ்சு திரும்பப் பத்தும். காவல்காரன் அதைப் பார்த்து மணி அடிக்கலாம்.

சல்லிக்கரை:
எண்களை மாத்தியாச்சு அக்கா. ஆனால் மூன்றும் சேர்ந்த பூரணை இல்லாமல் கதை இல்லை. வியாழனுக்கு இத்தனை நிலவு இருக்கே, அங்க வராதா?

ஏழுகிணறு:
வியாழனின்ட பெரிய நிலவுகளில உள்ளுக்க இருக்கிற மூன்று, அயோ, யூரோப்பா, கனிமீட், 1:2:4 பரிவில, அதாவது சுற்றுக்காலம் அந்த விகிதத்திலேயே நிக்கிற மாதிரி, பூட்டுப்பட்டவை. 1.77, 3.55, 7.15 நாள். அந்தப் பூட்டாலேயே மூன்றும் ஒரே பக்கம் ஒரே நேரத்தில ஒருநாளும் வராது. இரண்டு ஒரு பக்கம் சேர்ந்தால் மற்றது வேற இடத்தில நிக்கும். விகிதத்தை அழகாக வைக்கிறதில இருக்கிற ஆபத்து அது. மூன்றை விட்டுப்போட்டு இரட்டைப் பூரணையைப் பிடியுங்கோ, அதில சரக்கு நிறைய இருக்கு.

29.4 ÷ 8.7 = 98 ÷ 29. அதாவது 29 ஆழி மாதத்துக்குள்ள சிட்டு 98 தரம் பூரணையாகும், 852.6 நாளில. இரண்டு பூரணைக்கும் இடைவெளி அரை நாளுக்குள்ள இருந்தால் இரட்டைப் பூரணை எண்டு எடுப்பம். அப்ப முதலாவதுக்குப் பிறகு 8 மாதத்தில ஒன்று, பிறகு 13 மாதத்தில ஒன்று, பிறகு 8 மாதத்தில திரும்ப ஆரம்ப இடம். 8, 13, 8. திருவிழா இந்த இடைவெளியில வந்தால், ஏன் எண்டு தெரியாத சனமும் அதைப் பாட்டாப் பாடி வைச்சிருக்கும்.

பழையவாக்கியம்:
எண்கள் நல்லாக இருக்கின்றன. ஆனால் எல்லாரும் மாதத்தில் இருந்து தொடங்குகிறீர்கள். பஞ்சாங்கம் கட்டுகிறவன் மாதத்தில் இருந்து தொடங்கக் கூடாது, நாள் எண்ணிக்கையில் இருந்து தொடங்கவேண்டும். நம்முடைய கணிதத்தில் கலியுகத் தொடக்கம், கி.மு. 3102 பெப்ரவரி 18, அதிலிருந்து ஓடுகிற நாட்தொகைதான் அகர்கணம். மாதம், ஆண்டு, திதி எல்லாம் அதிலிருந்து பிறகு பிரித்தெடுப்பவை. தம்பியும் ஒரு நாளைப் பூச்சியம் என்று வைக்கவும். இரட்டைப் பூரணை விழுந்த ஒரு மாலை, சூரியன் மறைகிற நேரம், நாள் 0.

பிறகு வாக்கியம் கட்டலாம். வாக்கிய பஞ்சாங்கத்தில் சந்திரனுக்கு 248 வாக்கியம் இருக்கிறது. காரணம், சந்திரன் கிட்ட வந்து தூரப்போகிற 27.55 நாள் சுற்று 9 தரம் முடிய 248 நாள் ஆகும். ஒவ்வொரு நாளுக்கும் ஒரு சொற்றொடர், எழுத்துகளே எண்கள். 248 முடிந்ததும் முதலாவதில் இருந்து திரும்பத் தொடங்கலாம். மிச்சப் பிழையைத் திருத்த 3031, 12372 என்ற பெரிய சுற்றுகள் இருக்கின்றன.

தம்பியின் உலகத்துக்கு இது இன்னும் இலகு. சிட்டு 10 சுற்று = 87 நாள். ஆழி 5 சுற்று = 147 நாள். ஆகவே கோயிலில் ஒருவருக்கு 87 வரி மனப்பாடம், இன்னொருவருக்கு 147 வரி. நாட்தொகையை 87ஆல் வகுத்தால் மீதி எத்தனையோ அந்த வரி சிட்டின் நிலை. 147ஆல் வகுத்த மீதி ஆழியின் நிலை. இரண்டு அட்டவணையும் ஒன்றாக முதல் வரிக்குத் திரும்புவது 4263 நாளில் (87 × 49, 147 × 29). 11 ஆண்டும் 10 மாதமும்.

திதிக்கு ஒரு எச்சரிக்கை. ஆழியை 30 திதியாகப் பிரிக்கலாம், ஒரு திதி 0.98 நாள். 147 நாளுக்கு 150 திதி, ஆகவே மூன்று திதி சூரிய உதயம் காணாமல் தள்ளுண்டு போகும். சிட்டை 30ஆகப் பிரித்தால் ஒரு திதி 7 மணித்தியாலம்கூட வராது, ஒரே நாளில் மூன்று நான்கு. அதை 8 கூறாகப் பிரிக்கவும். ஒரு கூறு 1.0875 நாள். 87 நாளில் 80 கூறு, ஏழு கூறுகளுக்கு இரண்டு உதயம். 9 கூறாக்கினால் மூன்று தள்ளுண்டு போகும். ஒரு நாள் இரண்டு தரம் வருவதைச் சனம் பொறுக்கும். தன் நாளே இல்லாமல் போவதைப் பொறுக்காது, நேர்த்திக்கடன் அந்த நாளில்தானே கிடக்கிறது.

கிண்ணியாப்பிறை:
ஐயாட அட்டவணை கோயிலுக்குச் சரி. எல்லாரும் அட்டவணையில போக மாட்டாங்க. கண்ணால பிறை பாத்து மாதம் தொடங்குற கூட்டம் ஒண்டு அந்த உலகத்திலயும் இருக்கும். அவங்களுக்கு ரெண்டு நிலவும் ரெண்டு விதம்.

சூரியனுக்கு 7 பாகைக்குள்ள நிக்கிற பிறை எவ்வளவு தெளிஞ்ச வானத்திலயும் தெரியாது. ஆழி ஒரு நாளைக்கு 12.2 பாகைதான் விலகும், 7 பாகை தாண்டவே 13, 14 மணித்தியாலம் வேணும். அதனால 29ஆம் இரவு பிறை தெரியுமா தெரியாதா எண்டு தகராறு வரும். ஒரு ஊரில பெருநாள், அடுத்த ஊரில நோன்பு. மேகம் மறைச்சா 30ஐப் பூர்த்தியாக்கிற வழக்கம் அங்கயும் வேணும். சிட்டு ஒரு நாளைக்கு 41 பாகை ஓடும். நாலு மணித்தியாலத்தில எல்லையைத் தாண்டிரும். முதல் பிறை தெரியிற அந்தியிலேயே சில நேரம் 48 பாகை வரைக்கும் வந்து நிக்கும், ஆறில ஒரு பங்கு வெளிச்சத்தோட. அதில சண்டை பிடிக்க ஆள் கிடையாது.

இன்னொண்டு. அந்தத் துறைமுகத்துக்கு எங்கட மாதிரி வாடைக்கால மழை இருக்குமெண்டா, ஐப்பசியில இருந்து மார்கழி மட்டும் வானம் மூடித்தான் கிடக்கும். மூணு மாதம் பிறை பாக்கிற கூட்டமும் அட்டவணைக்காரரட்டப் போய் நிக்கவேண்டி வரும். கதைக்கு அது நல்ல இடம்.

சல்லிக்கரை:
நானா சொன்னது நல்லாப் பிடிச்சிருக்கு. அப்ப சிட்டின்ட ஒரு சுற்றையே கிழமை ஆக்கலாமோ? பூரணைக்குப் பூரணை கடை பூட்டு.

பழையவாக்கியம்:
இதை இலங்கையிலேயே செய்து பார்த்தாயிற்று. 1966 முதல் 1971 வரை ஞாயிறு விடுமுறை இல்லை. பூரணை, அமாவாசை, இரண்டு அட்டமி என்று நான்கு போயாவே கிழமை விடுமுறை. 29.53ஐ நான்கால் வகுத்தால் 7.38. ஆகவே விடுமுறைக்கு விடுமுறை சில தரம் 7 நாள், சில தரம் 8. திங்கள் செவ்வாய் என்ற பெயர்கள் ஒரு பக்கம் ஓட, வேலைநாள் இன்னொரு பக்கம் ஓடியது. வெளிநாட்டு வணிகத்தோடு ஒத்துவராமல் கைவிட்டார்கள்.

சிட்டுக் கிழமையில் பத்துக்கு ஏழு கிழமை 9 நாள், மூன்று கிழமை 8 நாள். நாட்கூலிக்காரனுக்குப் பிரச்சினை இல்லை. கிழமைக் கூலிக்காரன் 9 நாள் கிழமையில் அதே காசுக்கு ஒரு நாள் கூட உழைக்கவேண்டும். துறைமுகத்தில் சுமை ஏற்றுகிறவர்கள் எந்தக் கணக்கில் கூலி கேட்பார்கள் என்பதை முடிவு செய்துவிட்டு வையுங்கள். வேறு தேசத்துக் கப்பல் வேறு கிழமையோடு வந்தால் சுங்கத்தில் இரண்டு திகதியும் எழுதவேண்டும்.

ஏழுகிணறு:
கடல் ஏறுற விசயத்தை ஒருத்தரும் தொடேல்ல. வற்றுப்பெருக்கை இழுக்கிற விசை திணிவுக்கு நேர், தூரத்தின்ட கனத்துக்கு மறுதலை. இதைச் சுருக்கினால் ஒரு வசதியான விதி வரும்: இரண்டு நிலவுக்கு அடர்த்தி ஒன்றெண்டால், வானத்தில தெரியிற விட்டம் எந்த நிலவுக்குக் கூடவோ அதுதான் கூட இழுக்கும், விட்டத்தின்ட கனம் அளவுக்கு. இரண்டு மடங்கு பெரிசாத் தெரிஞ்சால் எட்டு மடங்கு. நிலவை வானம் நிறையப் பெரிசா வரைஞ்சு வைச்சு, கரையில ஓலைக் குடிசை போடுற ஆக்கள் இதைக் கவனிக்கிறதில்லை.

சிட்டு கிட்ட இருக்கு, ஆனால் சின்னது. வானத்தில ஆழியளவுதான் தெரியும், அரைப் பாகை. இழுவையும் ஆழியளவே. ஆழி 1, சிட்டு 1, சூரியன் 0.46. இரட்டைப் பூரணையில கூட்டுத்தொகை 2.46. எங்கட பூமியில பூரணைக்கு 1.46. அப்ப 1.7 மடங்கு. திருகோணமலையில பெருக்குக்கும் வத்துக்கும் இடையில ஒரு மீற்றர்கூட வராது, அதை 1.7ஆல பெருக்கினாலும் கீழ்த்தெரு மூழ்காது. ஆழமான துறைமுகம் பெருக்கை உயர்த்தவும் மாட்டாது. உள்ளுக்க போகப் போக ஒடுங்குகிற, நீளமான குடா எண்டால் உயரும். கனடாவின்ட ஃபண்டி குடாவில 16 மீற்றர் மட்டும் ஏறுறது அதாலதான்.

தெரு மூழ்கத்தான் வேணுமெண்டால் இரட்டைப் பூரணையை வாடைக்காலப் புயலோட சேர்த்து விடுங்கோ. 1964 டிசம்பர்ப் புயல் இந்தப் பக்கத்தால கரையேறினது நினைவிருக்கிற ஊர், நம்புவினம்.

இன்னொன்று: பெருக்குக்குப் பூரணையும் அமாவாசையும் ஒன்றுதான். ஆழி பூரணை, சிட்டு அமாவாசை எண்டாலும் அதே 2.46. ஆகவே கோயில் பூரணையை எண்ணும், துறைமுகம் இரண்டையும் எண்ணும். துறைமுகத்தில பெரிய பெருக்கு கோயிலில திருவிழா இல்லாத நாளிலயும் வரும்.

கொண்டல்காத்து:
துறைமுகத்துக்கு முன்னம் மீன்பிடிகாரன்ட பஞ்சாங்கம் வேணும். வெளிச்சம் காட்டிப் பிடிக்கிற தொழிலுக்கு நிலவு ஆகாது, இருட்டு வேணும். எங்களுக்கு மாதத்தில கிட்டத்தட்டப் பாதி இருட்டுக் காலம். அந்த உலகத்தில ஆழியின்ட இருட்டு 8 இரவு எண்டு வைச்சாலும், அந்த எட்டுக்குள்ள சிட்டு ஏறக்குறைய ஒரு முழுச் சுத்துப் போயிரும். சுத்த இருட்டு மாதத்துக்கு இரண்டு, மூன்று இரவுதான். அது எந்த இரவு எண்டது மாதா மாதம் மாறும்.

உதிக்கிற நேரமும் பாருங்கோ. ஆழி ஒவ்வொரு இரவும் 51 நிமிசம் பிந்தும். சிட்டு 3 மணித்தியாலம் 7 நிமிசம் பிந்தும். இண்டைக்குப் பொழுது படக்குள்ள உதிச்சது நாளைக்கு ஒன்பது மணிக்கு, மற்ற நாள் நடுச்சாமம் தாண்டி. அப்ப முழு இரவும் இருட்டாக இல்லாட்டியும் முன்னிருட்டு, பின்னிருட்டு எண்டு பிரிச்சுத் தொழில் செய்வாங்கள். நாள் எண்ணை விட, வலை இறக்கிற மணித்தியாலம்தான் அவங்கட பஞ்சாங்கத்தில பெரிய எழுத்தில நிக்கும்.

வயற்கரை:
விதைக்கிறவனுக்கு உங்கட நிலவு ஒண்டும் உதவாது. பெரும்போகமும் சிறுபோகமும் மழையோட, மழை சூரியனோட. ஆழி மாதம் 12 சேர்ந்தால் 352.8 நாள், ஆண்டு 360.2. ஆண்டுக்கு 7.4 நாள் முந்திப் போகும். நாலு ஆண்டில ஒரு மாதம் பிசகும்.

திருத்துறது இப்பிடி. ஆண்டைப் 12 ராசியாப் பிரியுங்கோ, ஒரு ராசி 30 நாளும் சொச்சமும். ஒரு ஆழி மாதத்துக்குள்ள ராசிப் பிறப்பு ஒண்டும் விழாட்டி அதை மலமாதமாக்கி (பன்னிரண்டில சேராத கூடுதல் மாதம்), அதில கலியாணம் காட்சி வைக்காமல் விடுங்கோ. 4 ஆண்டுக்கு 49 மாதம் வரும். 4 ஆண்டு 1440.8 நாள், 49 மாதம் 1440.6 நாள். நல்ல பொருத்தம், ஆனால் முழுப் பொருத்தம் இல்லை. 20 ஆண்டு 7204 நாள், 245 மாதம் 7203 நாள். 20 ஆண்டுக்கு ஒரு நாள் விடுபடும். பூமியில 19 ஆண்டுக்கு 7 மலமாதம் போட்டால் பிழை 2 மணித்தியாலம்தான், அதோட பார்க்க இது மோசம். அந்த ஒரு நாளைச் சேர்க்காமல் விட்ட அரசு 600 ஆண்டு இருந்தால், விதைப்புத் திருவிழா ஒரு மாதம் தள்ளி நிக்கும். எங்கட சித்திரை வருசப்பிறப்பே பகலும் இரவும் சமமாகிற நாளை விட்டு மூன்று கிழமைக்கு மேல தள்ளித்தானே நிக்குது.

சல்லிக்கரை:
எக்செல்லில போட்டன். மாத நீளத்தை 29, 30 எண்டு ஒவ்வொண்டாக் கூட்டிக்கொண்டு போக, வருசம் போகப் போக இரட்டைப் பூரணை விலகிக்கொண்டே போகுது.

ஏழுகிணறு:
கூட்டிக்கொண்டு போகாதேங்கோ. 29.4ஐ ஒவ்வொரு மாதமும் முழு எண்ணாக்கினால் மாதத்துக்கு 0.4 நாள் கழியும், ஆண்டுக்கு ஐந்து நாள். நாள் எண்ணை எடுத்து நேரே 29.4ஆல வகுத்து மீதியைப் பாருங்கோ. மீதி 0 பூரணை, 14.7 அமாவாசை. சிட்டுக்கு 8.7, 4.35. மாத நீளம் அதிலிருந்து தானா வரும், ஐந்தில இரண்டு மாதம் 30 நாள்.

கிரகணத்தையும் பாருங்கோ. சிட்டு கிட்ட இருக்கிறதால கிரக நிழல் அதுக்குப் பெரிசு, ஆரை 1.8 பாகை. சிட்டின்ட சாய்வு அதுக்குள்ள எண்டால் ஒவ்வொரு பூரணையும் கிரகணம். இரட்டைப் பூரணையில ஒரு நிலவு கறுத்துப் போய்த்தான் நிக்கும். 5 பாகை சாய்வு குடுங்கோ, அப்பவும் நாலில ஒரு பூரணைக்கு நிழல் தொடும்.

சரிபார்க்க: நாள் 235இல ஆழி பூரணைக்கு 0.2 நாள் இருக்கு, சிட்டு 0.1 நாள் கடந்தது. நாள் 617இல ஆழிக்கு 0.4, சிட்டுக்கு 0.7 மிச்சம். இந்த இரண்டும் வந்தால் சூத்திரம் சரி.

சல்லிக்கரை:
வந்திட்டுது. ஆனால் 852.6 எண்டது காலையில விழுது. திருவிழா 852ஆம் இரவா, 853ஆம் இரவா?

பழையவாக்கியம்:
அதுதான் உங்கள் கதை. மாலைக் கணக்கில் 0.6 என்றால் விடிந்து இரண்டு மணித்தியாலத்துக்கு மேல் ஆகிவிட்டது. 852 நடுச்சாமத்துக்கு 0.35 நாள் தூரம், 853 நடுச்சாமத்துக்கு 0.65. கணிதக்காரர் 852 என்பார்கள். பூரணை முடிந்த பிறகு வருகிற முதல் இரவில்தான் விழா என்று விதி வைத்திருக்கிறவர்கள் 853 என்பார்கள். இங்கே வாக்கியத்துக்கும் திருக்கணிதத்துக்கும் வருசப்பிறப்பு நேரமே வேறு, இரண்டு பஞ்சாங்கமும் விற்கிறது.

கிண்ணியாப்பிறை:
கண்ணால பாக்கிறவனுக்கு ஆழியில வித்தியாசமே தெரியாது. சிட்டுத்தான் காட்டிக் கொடுக்கும். 852 நடுச்சாமம் அது 98 வீதம் வெளிச்சம், 853 நடுச்சாமம் 95 வீதத்துக்கும் கீழ, ஒரு ஓரம் தேஞ்சது நல்லாத் தெரியும். அப்ப பிறைக் கூட்டம் இந்த ஒரு தரம் கணிதக்காரரோட சேரும்.

ஏழுகிணறு:
கடைசியா ஒண்டு: நாள் 0க்கு முந்தின அரச வம்சங்களுக்குத் திகதி போடக்குள்ள கழித்தல் எண் வரும். எக்செல்லும் பைதனும் மீதியை நேர் எண்ணாத்தான் தரும். ஜாவாஸ்கிரிப்ட், சி இரண்டும் கழித்தல் எண்ணாத் தரும். நாள் −1க்கு ஆழி மீதி 28.4, சிட்டு 7.7 வரவேணும். −1 எண்டு வந்தால் 29.4ஐயும் 8.7ஐயும் ஒருக்காக் கூட்டிவிடுங்கோ.